புத்தகம் முழுக்கக் கான்சாஸ்

நல்லூர் திருவிழா நேரம் ரோட்டோரக் கடையொண்டிலை மருமகளுக்கெண்டு ஓஸ் மந்திரவாதி கதைப் புத்தகம் வாங்கினனான், இங்கிலீஷ் தான், 850 ரூபா. "அக்கா இது முழுக்கதை, ஒரு வரி வெட்டேல்லை" எண்டு கடைக்காரத் தம்பி சத்தியம் பண்ணாத குறை.

அட்டையிலை கதாநாயகி டொரத்தி சிவப்புச் சப்பாத்தோடை நிக்கிறாள். உள்ளுக்கை வாசிச்சா வெள்ளிச் சப்பாத்து. சிவப்பு 1939 சினிமாப் படத்திலை வந்தது, 1900இலை கதாசிரியர் போம் எழுதினது வெள்ளி. கதையை வாசிக்காமலே அட்டை கீறியிருக்கினம் போல.

சரி அதை விடுவம். இந்தக் கதையிலை நிறம் தான் ஊருக்கு அடையாளம், டொரத்தியின்ரை ஊர் கான்சாஸ் எண்டா வீடு, புல்லு, எம் எண்ட அவளின்ரை மாமி எல்லாம் சாம்பல், சித்திரை வெயிலிலை எங்கடை வல்லை வெளி மாதிரி, பேந்து சூறாவளி அவளை ஓஸ் நாட்டுக்குத் தூக்கிக்கொண்டு போய்ப் போட்டா மஞ்ச்கின் ஆக்களின்ரை ஊர் நீலம், விங்கி பக்கம் மஞ்சள், தெற்கை சிவப்பு. டென்ஸ்லோ படம் கீறின முதல் பதிப்பிலை ஊர் மாற மாறப் படத்தின்ரை கலரும் மாறும். இதிலை எல்லாம் போட்டோக்கொப்பிக் கறுப்பு, எங்கை போனாலும் கான்சாஸ் தான்.

மரகத நகர வாசல்லை எல்லாருக்கும் பச்சைக் கண்ணாடி போட்டுப் பூட்டி விடுவாங்கள், அதாலை தான் ஊரே அப்பிடிப் பச்சையாத் தெரியிறது எண்டு நான் சொல்ல, பெட்டை ஓடிப்போய்ப் பச்சை டொபிப் பேப்பர் ஒண்டு கொண்டு வந்து கண்ணிலை பிடிச்சுக்கொண்டு படம் பாத்தவள். கம்பனிக்காரர் செய்யாததை அவள் செய்திட்டாள்.

கதை மட்டும் இப்பவும் சோக்கு. இதயம் இல்லையெண்டு தேடிப்போற தகர மரவெட்டி, வழியிலை ஒரு வண்டைத் தெரியாமல் மிதிச்சுப்போட்டு அழுது, கண்ணீர் வழிஞ்சு தாடை துருப்பிடிச்சு வாய் திறக்கேலாமல் நிக்கிற இடத்திலை, "எண்ணெயை ஊத்துங்கோ மாமி, கெதியா" எண்டு எனக்குத் தான் பேச்சு.

பிறகு தான் வந்தது விசர். 19ஆம் அதிகாரம் முடிய நேரா 21. 20இலை வாற பீங்கான் ஊர், மாடு உதைச்சுத் தன்ரை காலையே உடைக்கிறது, சிங்கத்தின்ரை வால் பட்டுக் கோயில் நொருங்கிறது, ஒண்டுமில்லை. நான் பள்ளிக்கூடத்திலை வாசிச்சபடியாத் தெரியும், இல்லாட்டி யாருக்கு விளங்கும்? கொண்டு போய்க் காட்ட, "அச்சடிச்ச ஆக்களைக் கேளுங்கோ அக்கா" எண்டார் அதே தம்பி.

அஞ்சுக்கு ரெண்டு குடுக்கலாம், அதுவும் எழுத்துப் பெரிசா இருக்கிறதுக்கு. வாங்கிறதெண்டா கடையிலை நிண்டே 24 அதிகாரமும் எண்ணிப்போட்டுக் காசைக் குடுங்கோ.