மீன்தொட்டி நத்தைகள்: சில ஆண்டுகள் வளர்த்த பிறகு

மீன்தொட்டியைச் சுத்தமாக வைத்துக்கொள்ள நத்தை வாங்கலாமா என்று கேட்டால், வேண்டாம் என்பதுதான் என் பதில். நத்தையையே பார்த்துக்கொண்டிருக்கப் பிடிக்கும் என்றால் தாராளமாக வாங்குங்கள். சென்னையில் எங்கள் வீட்டு 80 லிட்டர் தொட்டியில் கப்பி, மோலி மீன்களோடு மிஸ்டரி, நெரைட், டிரம்பெட் என்று மூன்று வகை நத்தைகளைச் சில ஆண்டுகளாக வளர்த்துவருகிறேன். ராம்ஸ்ஹார்ன் என்கிற நான்காவது வகை, வாங்கிய செடியில் ஒட்டிக்கொண்டு தானாகவே குடியேறியது.

‘தொட்டியைச் சுத்தம் செய்யும்’ என்று கடைகளில் சொல்வதில் பாதி உண்மை. மீன்கள் விட்டுவைத்த தீனியையும் அழுகத் தொடங்கிய இலைகளையும் மிஸ்டரி நத்தை தின்னும். மீனின் கழிவைத் தொடாது. தன் பங்குக்கு அதைவிட அதிகமாகக் கழித்து வைக்கும். கோலிக்குண்டு அளவில் வாங்கி வந்த நத்தை சில மாதங்களில் பெரிய எலுமிச்சம்பழம் அளவுக்கு வளர்ந்துவிடும். அதற்கேற்ற அசுத்தமும் சேரும். ஒரு மிஸ்டரி நத்தைக்கு 20 லிட்டர் தண்ணீர் என்று கணக்கு வைத்துக்கொண்டால் நிம்மதி. புதிதாக அமைத்த தொட்டியில் உடனே விடக் கூடாது. கழிவில் உண்டாகும் அம்மோனியாவைக் கையாளும் பாக்டீரியாக்கள் பெருக நான்கு முதல் ஆறு வாரங்கள் ஆகும்.

நத்தை வளர்ப்பில் முக்கால்வாசி வேலை தண்ணீரில்தான் இருக்கிறது. ஓட்டின் பெரும்பகுதி கால்சியம் கார்பனேட். தண்ணீரில் சுண்ணாம்புச் சத்து குறைந்தால் ஓடு மெலியும். அமிலத்தன்மை கூடினால், அதாவது பிஎச் 7-க்குக் கீழே போனால், இருக்கும் ஓடும் கரையத் தொடங்கும். எங்கள் போர்வெல் தண்ணீர் கடினமானது. குழாய் வாயில் வெள்ளைப் படிவு, வாளியில் கறை, ஹீட்டர் கம்பியில் கல், துவைத்த துணியில் விறைப்பு. வீட்டில் எல்லோரும் திட்டும் அந்தத் தண்ணீரை மனதார ஏற்றுக்கொண்ட உயிர்கள் மோலியும் நத்தையும் மட்டுமே. இங்கே ஓட்டுக்காகத் தனியாக எதையும் சேர்க்க வேண்டியிருக்கவில்லை.

கோயம்புத்தூரில் என் தங்கை வீட்டில் நிலைமை நேர்மாறு. சிறுவாணித் தண்ணீர் குடிப்பதற்கு அருமையானது, நத்தைக்கு ஆகாது. நான் கொடுத்தனுப்பிய குஞ்சுகள் அங்கே வளர்ந்தபோது ஓட்டின் உச்சி வெளுத்தது, பிறகு குழி விழுந்தது. நாட்டு மருந்துக் கடையில் கடல் நுரை என்று கேட்டால் கணவாய் மீனின் ஓட்டைக் கொடுப்பார்கள். அதில் ஒரு துண்டைத் தொட்டியில் போடச் சொன்னேன். முதலில் மிதக்கும், ஊறிய பிறகு அடியில் இறங்கும், நத்தைகள் அதன்மேல் ஏறி உட்கார்ந்து சுரண்டும். சில வாரங்களில் பலன் தெரிந்தது. ஆனால் பழைய குழிகள் ஆறுவதில்லை. ஓடு வாய் விளிம்பில்தான் வளரும். ஆகவே மேல் பகுதி அரித்தும், அதற்குப் பிந்தைய பகுதி வழுவழுப்பாகவும் இருக்கிறது. தண்ணீர் எப்போது சீரானது என்பதை ஓட்டைப் பார்த்தே சொல்லிவிடலாம்.

ஆர்.ஓ. தண்ணீரை மட்டுமே ஊற்றி வளர்ப்பவர்களுக்கும் இந்தத் தொல்லை வரும். ஃபைட்டர் மீனுக்காக நாட்டு வாதுமை இலையும் மரக்கட்டையும் போட்டிருக்கும் தொட்டியிலும் அப்படித்தான். அவை தண்ணீரை அமிலப் பக்கம் இழுக்கும். ஆனால் ஆர்.ஓ. தண்ணீருக்கு ஒரு நல்ல உபயோகம் உண்டு. வெயில் காலத்தில் ஆவியாகும் தண்ணீர் உப்பை விட்டுவிட்டுத்தான் போகிறது. குறைந்த அளவை மீண்டும் போர்வெல் தண்ணீரால் நிரப்பிக்கொண்டே இருந்தால் கடினத்தன்மை ஏறிக்கொண்டே போகும். அந்த நிரப்பலுக்கு ஆர்.ஓ., வாராந்தரத் தண்ணீர் மாற்றத்துக்குப் போர்வெல் என்று பிரித்துவைத்திருக்கிறேன். குழாய்த் தண்ணீரோ லாரித் தண்ணீரோ பயன்படுத்துபவர்கள் குளோரின் நீக்கும் சொட்டு மருந்தை மறக்கக் கூடாது.

கோடை பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். மிஸ்டரி நத்தைக்குச் சுகமான வெப்பநிலை 20 முதல் 28 டிகிரி வரை. மே மாதத்தில் சென்னைத் தொட்டி 31, 32 டிகிரிக்குச் சாதாரணமாகப் போய்விடும். அந்தச் சூட்டில் நத்தை உடனே சாகாது. வேகமாகத் தின்னும், வேகமாக வளரும், சீக்கிரம் கிழடாகும். இரண்டு ஆண்டுகள் வரை வாழக்கூடிய பிராணி இங்கே ஓராண்டைத் தாண்டினாலே நல்ல ஆயுள் என்றுதான் நினைக்கிறேன். தண்ணீர் மேல் சிறிய மின்விசிறியைத் திருப்பி வைத்தால் இரண்டு மூன்று டிகிரி குறைகிறது. மின்வெட்டின்போது மீன்களைப் பற்றிக் கவலைப்படலாம், மிஸ்டரி நத்தையைப் பற்றி வேண்டாம். அதற்குச் செவுளும் உண்டு, நுரையீரலும் உண்டு. மேற்பரப்புக்கு அருகில் வந்து குழல் ஒன்றை வெளியே நீட்டிக் காற்றை இழுத்துக்கொள்ளும். உடம்பு முழுவதும் மேலும் கீழும் அசைய அது மூச்சு வாங்குவதைப் பார்ப்பதற்காகவே இந்த வகையைச் சிபாரிசு செய்வேன். அதற்கு வசதியாகத் தண்ணீருக்கும் மூடிக்கும் நடுவே நான்கைந்து விரல்கடை இடம் விடுங்கள். மூடி கட்டாயம், இல்லாவிட்டால் காலையில் சோபாவுக்கு அடியில் தேட வேண்டியிருக்கும்.

தீனிக்குச் செலவே இல்லை. பீர்க்கங்காய்த் தோல், சுரைக்காய், கேரட் சீவல் என்று எதையும் கொதிநீரில் இரண்டு நிமிடம் போட்டு எடுத்து, ஆறவைத்துப் போட்டால் கூடி வந்து மொய்க்கும். முருங்கைக்கீரை மிக நல்லது, கால்சியம் நிறைய. பசலைக்கீரையில் ஆக்சலேட் கால்சியத்தைப் பிடித்துக்கொள்வதால் நான் போடுவதில்லை. காலிஃபிளவர், முட்டைக்கோஸ் இரண்டையும் பூச்சிமருந்துக்குப் பயந்து தவிர்த்துவிடுகிறேன். மிஞ்சியதை மறுநாள் எடுத்துவிட வேண்டும். இல்லையென்றால் தண்ணீர் கலங்கிவிடும். கண்ணாடியில் ஏறிக்கொண்டே மேயும்போது வெளிப்பக்கத்திலிருந்து வாயைப் பாருங்கள். ஆயிரக்கணக்கான நுண்பற்கள் கொண்ட நாடா போன்ற நாக்கு வெளியே வந்து சுரண்டிவிட்டு உள்ளே போகும்.

நெரைட் வகைதான் எனக்கு ஏமாற்றம். பாசி தின்பதில் அதற்கு நிகரில்லை. கண்ணாடியில் இறுகிய பச்சைப் புள்ளிகளைக்கூட எடுத்துவிடும். தொல்லை என்னவென்றால், அது பாசியைத் தவிர வேறு எதையும் சரியாகத் தொடுவதில்லை. கண்ணாடி பளபளத்த பிறகு பட்டினிதான். குஞ்சுகள் வளர உப்பு கலந்த முகத்துவாரத் தண்ணீர் தேவை என்பதால் நன்னீர்த் தொட்டியில் இனம் பெருகாது. இதைச் சாதகம் என்று சொல்லி விற்கிறார்கள். ஆனால் முட்டை இடுவதை யாரும் நிறுத்தவில்லை. மரக்கட்டை, கல், கண்ணாடி எங்கும் எள் தூவியது போல வெள்ளைப் புள்ளிகள். பொரிக்கவும் பொரிக்காது, பிளேடு வைத்துச் சுரண்டாமல் போகவும் போகாது. மல்லாந்து விழுந்தால் சிலவற்றுக்குத் தானாகத் திரும்பவும் தெரியாது.

டிரம்பெட் நத்தைக்கு நேர்மாறான குணம். பகலில் மணலுக்குள் புதைந்துகிடந்து இரவில் வெளியே வரும். மணலைக் கிளறிக்கொண்டே இருப்பதால் அடியில் கெட்ட வாயு தேங்குவதில்லை. ஆண் துணை இல்லாமலேயே குட்டி போடும். ஒன்று வாங்கினால் நூறு வாங்கியதாகத்தான் அர்த்தம். இவை பட்டப்பகலில் கூட்டமாகக் கண்ணாடியில் ஏறினால் தண்ணீரில் ஆக்சிஜன் குறைந்திருக்கிறது, அல்லது அம்மோனியா கூடியிருக்கிறது. உடனே கால் பங்குத் தண்ணீரை மாற்றிவிடுவேன்.

இந்த வகையும் ராம்ஸ்ஹார்னும் அளவுக்கு மீறிப் பெருகுகிறது என்று புலம்புபவர்கள் மீன்தீனி டப்பாவைப் பார்க்க வேண்டும். தீனியைக் குறைத்தால் எண்ணிக்கை தானாகக் குறையும். நத்தை கொல்லி மருந்துகள் பலவற்றில் இருப்பது செம்பு. அது வேண்டிய நத்தை, வேண்டாத நத்தை என்று பார்க்காது. வெள்ளைப்புள்ளி நோய்க்கு மீனுக்குப் போடும் சில மருந்துகளிலும் மயில்துத்தம், அதாவது செம்பு சல்பேட், இருக்கிறது. மருந்து போட வேண்டி வந்தால் மீனைத் தனி வாளிக்கு மாற்றிவிட்டுப் போடுங்கள். செடியோடு நத்தை வராமல் இருக்க, புதிய செடியைப் படிகாரம் கரைத்த தண்ணீரில் ஊறவைத்து அலசியபின் நடுகிறேன்.

மிஸ்டரி நத்தையின் பெருக்கத்தைக் கட்டுப்படுத்துவது சுலபம். ஆண், பெண் தனித்தனி என்றாலும், ஒற்றைப் பெண் கடையிலேயே இணைசேர்ந்து வந்திருந்தால் விந்துவைப் பல மாதங்கள் சேமித்து வைத்து முட்டையிடும். இரவில் தண்ணீரை விட்டு மேலேறி, மூடியின் உட்புறத்தில் இளஞ்சிவப்புக் கொத்தாக இட்டுவைக்கும். குஞ்சுகள் வேண்டுமென்றால் ஈரம் காயாமல் அப்படியே விட்டால் இரண்டு மூன்று வாரங்களில் பொரித்துக் கீழே உதிரும். வேண்டாமென்றால் மறுநாளே சுரண்டி எடுத்து, உறைபெட்டியில் வைத்த பிறகு குப்பையில் போடலாம். ஏரியிலோ சாக்கடையிலோ விடக் கூடாது. இதன் நெருங்கிய உறவான தங்க ஆப்பிள் நத்தை உணவுக்காகத் தைவானுக்கும் பிலிப்பைன்ஸுக்கும் கொண்டுபோகப்பட்டு, நெல் வயல்களை மொட்டையடித்த கதை 1980-களிலிருந்து தொடர்கிறது. அதுபோல நம் வயல், குளத்து நத்தைகளைப் பிடித்துவந்து தொட்டியில் போடுவதும் வேண்டாம். அவற்றில் சில, கால்நடைகளைத் தாக்கும் ஒட்டுண்ணிப் புழுக்களைச் சுமப்பவை.

துணைக்கு வைக்கும் மீனையும் யோசித்துத் தேர்ந்தெடுக்க வேண்டும். பஃபர், லோச் வகைகள் நத்தையைத் தின்றுவிடும். தங்கமீனும் ஃபைட்டரும் உணர்கொம்பைக் கடிக்கும். கடிபட்ட கொம்பு மீண்டும் வளர்ந்துவிடும், கண்கூட வளரும். ஆனாலும் எப்போதும் உள்ளே இழுத்துக்கொண்டே கிடக்கும் நத்தையை வைத்துக்கொண்டு என்ன செய்வது?

இறந்ததா, தூங்குகிறதா என்ற குழப்பம் எல்லோருக்கும் வரும். ஓரிரு நாள் மிதந்துகொண்டிருந்தாலும் பயம் வேண்டாம். எடுத்து முகர்ந்து பாருங்கள். செத்த நத்தையின் நாற்றத்தில் சந்தேகத்துக்கு இடமே இருக்காது. அப்படியானால் உடனே அகற்றி, தண்ணீரையும் மாற்ற வேண்டும். ஒரு பெரிய நத்தை அழுகினால் சிறிய தொட்டியின் மீன்கள் மொத்தமும் போய்விடக்கூடும்.

வாங்கப் போகும்போது, கொளத்தூர் மாதிரி நிறையக் கடைகள் உள்ள இடமானால் நான்கைந்து தொட்டிகளைப் பார்த்துவிட்டு வாங்குங்கள். கண்ணாடியில் ஊர்ந்துகொண்டிருப்பதை எடுக்கச் சொல்லுங்கள். ஓட்டின் வாயிலுள்ள மூடியை மெல்லத் தொட்டால் இறுக்கி மூடிக்கொள்ள வேண்டும். உச்சியில் லேசாக வெளுத்திருந்தால் பரவாயில்லை, விளிம்பு சிதைந்திருந்தால் வேண்டாம். செத்த நத்தைகள் கிடக்கும் தொட்டியிலிருந்து உயிருள்ளதை விலை குறைத்துத் தந்தாலும் எடுக்க மாட்டேன். வீட்டுக்கு வந்ததும் பையை அரை மணி நேரம் தொட்டியில் மிதக்கவிட்டு, நம் தண்ணீரைக் கொஞ்சம் கொஞ்சமாகச் சேர்த்துப் பழக்கி, நத்தையை மட்டும் எடுத்து விடுங்கள். கடைத் தண்ணீரைக் கொட்டிவிட்டுச் சோப்புப் போட்டுக் கை கழுவுங்கள். முதல் நாள் முழுவதும் ஓட்டுக்குள்ளேயே அடைந்து கிடந்தால் தட்டியெழுப்ப வேண்டாம்.