பழைய காரின் சென்டர் லொக்: தலவாக்கலை மழையில் ஒன்பது ஆண்டுகள்

2016ஆம் ஆண்டின் இறுதியில் நான் வாங்கியது, 1998இல் ஜப்பானில் தயாரான ஒரு செடான் கார். எஞ்சினைப் பற்றியோ கியர் பெட்டியைப் பற்றியோ இன்றுவரை எனக்குப் பெரிய முறைப்பாடு இல்லை. தலவாக்கலையிலிருந்து நானுஓயா வழியாக நுவரெலியாவுக்கு ஏறும் வளைவுகளை அது இன்றும் மூச்சு வாங்காமல் ஏறுகிறது. என்னை அலைக்கழித்ததெல்லாம், நான்கு கதவுகளையும் ஒன்றாகப் பூட்டித் திறக்கும் அதன் சென்டர் லொக்தான். ஒன்பது ஆண்டுகளில் ஐந்து முறை, ஒவ்வொரு முறையும் வேறொரு முகத்தோடு அது பழுதானது. ஆரம்பத்தில் நான் காசு கொடுத்து மாற்றிய மூன்று பொருட்களில் இரண்டு நல்ல நிலையில் இருந்தவை என்பது பிறகுதான் தெரிந்தது. பூட்ட மறுக்கும் கதவு ஒன்றாகவும் பழுதுபட்ட கதவு வேறொன்றாகவும் இருக்கலாம் என்பதை அப்போது எனக்கு யாரும் சொல்லவில்லை.

வண்டியை விற்றுவிட்டுப் புதிதாக ஒன்றை வாங்கியிருக்கலாமே என்று கேட்பவர்களுக்கு ஒரு வார்த்தை. 2020 மார்ச்சில் நிறுத்தப்பட்ட தனியார் வாகன இறக்குமதி 2025 பெப்ரவரியில்தான் மீண்டும் தொடங்கியது. இடைப்பட்ட ஆண்டுகளில் பழைய கார்களின் விலை ஏறிய ஏற்றத்தில், கையில் இருப்பதைப் பழுது பார்த்து ஓட்டுவதைத் தவிர என் போன்ற சம்பளக்காரருக்கு வேறு வழி இருக்கவில்லை.

முதலில் இந்த அமைப்பு வேலை செய்யும் விதத்தைச் சொல்லிவிடுகிறேன். அது தெரியாமல்தான் நான் ஏமாந்தேன். ஒவ்வொரு கதவின் உள்ளேயும் ஒரு சிறிய மோட்டர் இருக்கிறது. அதற்கு இரண்டு வயர்கள். கட்டுப்பாட்டுப் பெட்டி அந்த இரண்டு வயர்களில் ஒரு திசையில் 12 வோல்ட்டை ஒரு கணம் மட்டும் அனுப்பினால் கதவு பூட்டும்; அதே மின்சாரத்தை மறுதிசையில் அனுப்பினால் திறக்கும். சாரதியின் கதவு மட்டும் வேறு வகையானது. அதன் மோட்டரோடு சேர்ந்து ஒரு சிறிய சுவிட்சும் இருப்பதால், அங்கே கூடுதலாக வயர்கள் செல்கின்றன. கதவு பூட்டியிருக்கிறதா திறந்திருக்கிறதா என்ற செய்தியைக் கட்டுப்பாட்டுப் பெட்டிக்குச் சொல்வது அந்தச் சுவிட்ச்தான். மற்ற மூன்று கதவுகளும் சொன்னதைச் செய்பவை. சாரதியின் கதவு சொல்லவும் செய்யும், கேட்கவும் செய்யும்.

முதல் பழுது 2017இல் வந்தது. ரிமோட்டை அழுத்தினால் நான்கு கதவுகளும் "டக்" என்று பூட்டி, அடுத்த நொடியே "டக்" என்று திறந்துகொள்ளும். நான் கொண்டுபோன கராஜில் கட்டுப்பாட்டுப் பெட்டி கெட்டுவிட்டது என்று சொன்னார்கள். பழைய உதிரிப்பாகங்கள் விற்கும் கொழும்பு பஞ்சிகாவத்தையிலிருந்து பழைய பெட்டி ஒன்றை வரவழைத்துப் பொருத்தினோம். பழுது அப்படியே இருந்தது. பிறகு பின்கதவு ஒன்றின் மோட்டரையும் மாற்றினார்கள். அதுவும் பயன் தரவில்லை. இரண்டுக்கும் சேர்த்துக் கொடுத்த காசை இங்கே எழுத வெட்கமாக இருக்கிறது.

விடை கிடைத்தது ஒரு மழை நாளில், வண்டிக்குள் தனியாக உட்கார்ந்திருந்தபோது. ரிமோட்டை அழுத்திக்கொண்டே நான்கு கதவுகளின் பூட்டுக் குமிழ்களையும் கவனித்தேன். மூன்று குமிழ்கள் முழுமையாக இறங்கின. சாரதியின் கதவில் இருந்தது மட்டும் முக்கால்வாசி இறங்கித் திரும்பவும் மேலே துள்ளியது. அடுத்த முறை அந்தக் குமிழை விரலால் அழுத்திப் பிடித்துக்கொண்டு ரிமோட்டை அழுத்தினேன். நான்கு கதவுகளும் பூட்டிக்கொண்டு அப்படியே நின்றன. சாரதியின் கதவு மோட்டர் வலுவிழந்திருந்ததால் குமிழ் கடைசிவரை போகாமல் திரும்புகிறது. அது திரும்பும்போது உள்ளேயிருக்கும் சுவிட்ச் "சாரதி கதவைத் திறக்கிறார்" என்று பெட்டிக்குச் செய்தி அனுப்புகிறது. பெட்டியும் கீழ்ப்படிந்து எல்லாக் கதவுகளையும் திறந்துவிடுகிறது. ஒரு விரல் செலவில் கண்டுபிடித்திருக்க வேண்டிய பழுது அது.

அந்த மோட்டர்க் கூட்டை முழுதாக மாற்றாமல் பிரித்துப் பார்த்தோம். உள்ளே இருந்தது விரல் நீளச் சிறு மோட்டர். அதன் சுழலும் செப்புப் பகுதி கரித்தூள் படிந்து கறுத்திருந்தது. மெல்லிய உப்புத்தாளால் தேய்த்துத் துடைத்தபோது உயிர் வந்தது, ஆனால் நான்கு மாதம் மட்டுமே. பிறகு அதே அளவுள்ள புதிய மோட்டர் ஒன்றைக் கொழும்பு புறக்கோட்டை முதலாம் குறுக்குத் தெருவில் சில நூறு ரூபாய்க்கு வாங்கி மாற்றினேன். பழைய மோட்டரின் அச்சில் இறுகியிருக்கும் சிறிய பற்சக்கரத்தைக் கழற்றிப் புதியதில் ஏற்றுவதே இந்த வேலையில் கடினமான பகுதி. சுத்தியலால் தட்டினால் பற்சக்கரம் வெடித்துவிடும். அந்த மோட்டர் இன்றுவரை வேலை செய்கிறது.

இரண்டாவது பழுதுதான் எனக்கு அதிகம் கற்றுத் தந்தது. 2019 ஜூனில், தென்மேல் பருவமழை இறங்கிய வாரத்தில், இடது முன்கதவு காலையில் பூட்டாது; பகலில் வெயில் எட்டிப் பார்த்தால் பூட்டும். மலைநாட்டின் மேற்குச் சரிவில் வாழ்பவர்களுக்கு இந்த மழையைப் பற்றி விளக்க வேண்டியதில்லை. வட்டவளைப் பக்கம் ஆண்டுக்கு ஏறத்தாழ 5,000 மில்லிமீற்றர் மழை பெய்கிறது. எங்கள் பக்கம் அவ்வளவு இல்லாவிட்டாலும், மே முதல் செப்டெம்பர் வரை துணியும் காயாது, வண்டியும் காயாது.

"மோட்டர் செத்துருச்சு சேர், மாத்திருவோம்" என்றார் இளைஞரான ஒரு மெக்கானிக். கதவின் உட்பலகையைக் கழற்றி, மோட்டரின் கனெக்டரில் வோல்ட் அளக்கும் மல்டிமீட்டரை வைத்தோம். ரிமோட்டை அழுத்தும்போது 12 வோல்ட் வந்தது. மின்சாரம் வருகிறது, மோட்டர் ஓடவில்லை, ஆகவே மோட்டர்தான் கெட்டது என்ற முடிவுக்கு நானும் உடன்பட்டேன். புதிய மோட்டர் பொருத்தினோம். இரண்டு நாள் வேலை செய்தது; அந்த இரண்டு நாளும் மழை இல்லை என்பதைக் கவனிக்கத் தவறிவிட்டேன்.

பின்னர் ஹட்டனில் வயதான ஒரு வயரிங் பாஸிடம் போனேன். அவர் உடனே கதவின் உட்பலகையைக் கழற்றவில்லை. முதலில் ரேடியோவைப் போடச் சொல்லிவிட்டு, இடது கதவை மெதுவாகத் திறந்து மூடினார். கதவு பாதி திறந்திருக்கும்போது அந்தப் பக்க ஸ்பீக்கர் கரகரத்து நின்றது. அடுத்து அதே கதவின் பவர் ஷட்டரை, அதாவது மின்சாரத்தில் ஏறியிறங்கும் கண்ணாடியை, ஏற்றச் சொன்னார். அது மற்றக் கதவுகளைவிட மந்தமாக ஏறியது. "ஒரே கதவுல மூணு சாமான் ஒண்ணா கெடாது சேர்" என்று சொல்லிவிட்டு, கதவுக்கும் வண்டியின் உடலுக்கும் இடையில் இருக்கும் துருத்தி போன்ற ரப்பர்க் குழாயை இழுத்துக் கழற்றினார். கதவுக்குப் போகும் எல்லா வயர்களும் அந்தக் குழாய்க்குள்தான் செல்கின்றன. கதவு திறந்து மூடும் ஒவ்வொரு முறையும் அவை மடங்கி நிமிர்கின்றன. இருபது ஆண்டுகளாக மடங்கி நிமிர்ந்ததில் மூன்று வயர்களின் மேலுறை வெடித்திருந்தது. ஒன்றின் உள்ளே செம்பு பச்சையாகிப் பொடிந்துபோய், ஒரே ஓர் இழை மட்டும் மிஞ்சியிருந்தது.

அந்த ஓர் இழைதான் மல்டிமீட்டரை ஏமாற்றியது. மீட்டர் இழுக்கும் மின்சாரம் மிக மிகச் சிறியது. அதற்கு ஓர் இழையே போதும் என்பதால் 12 வோல்ட்டைக் காட்டிவிடும். மோட்டருக்கோ சில அம்பியர் வேண்டும். அவ்வளவும் அந்த இழையில் புகும்போது வோல்ட் விழுந்துவிடும். பாஸ் பயன்படுத்திய கருவி, இண்டிகேட்டரில் போடும் 21 வாட் பல்ப் ஒன்றும் இரண்டு வயர்களும் மட்டுமே. அந்த பல்ப் ஏறத்தாழ 1.75 அம்பியரை இழுக்கும். கனெக்டரில் அதைத் தொடுத்துப் பூட்டை இயக்கியபோது, பிரகாசமாக மின்ன வேண்டிய பல்ப் சிவந்த புள்ளியாக மட்டும் தெரிந்தது. "மீட்டர் பொய் சொல்லும் சேர், பல்ப் பொய் சொல்லாது" என்றார். அன்று முதல் என் வண்டியின் டாஷ்போர்ட் பெட்டியில் அப்படியொரு பல்ப் இருக்கிறது.

இந்த இடத்தில் பழுது பார்க்கும்போது பலர் செய்யும் தவறு, அறுந்த வயரை அறுந்த இடத்திலேயே ஈயம் வைத்து இணைப்பது. ஈயம் ஊறிய வயர் கம்பியைப் போல விறைத்துவிடும். அது மடங்கும் இடத்தில் இருந்தால் ஈயத்தின் ஓரத்திலேயே மறுபடியும் முறியும். பாஸ் பழைய வயர்களின் அந்தப் பகுதியையே வெட்டியெடுத்துவிட்டு, நுண்ணிழைகள் கொண்ட மென்மையான புதிய வயர்த் துண்டுகளைப் போட்டு, ஓர் இணைப்பைக் கதவின் உள்ளேயும் மறு இணைப்பை வண்டியின் உள்ளேயும் வைத்தார். மடங்கும் இடத்தில் இணைப்பே இல்லை. துண்டுகளைச் சற்று நீளமாகவும் விட்டார். ஆறு ஆண்டுகளாகியும் அந்தக் கதவில் மறுபடி கை வைக்கத் தேவை ஏற்படவில்லை. அன்றே மற்ற மூன்று ரப்பர்க் குழாய்களையும் திறந்து பார்க்கச் சொன்னேன். சாரதியின் கதவிலும் இரண்டு வயர்களின் உறை வெடித்திருந்தது.

கதவுக்குள் நீர் சேர்ந்த காரணத்தையும் அப்போதே தேடினோம். கண்ணாடியின் ஓரமாகக் கதவுக்குள் நீர் இறங்குவது இயல்புதான். அது அடியில் இருக்கும் துளைகள் வழியாக வெளியேறிவிட வேண்டும். என் வண்டியில் அந்தத் துளைகள் சவுக்குச் சருகும் செம்மண்ணும் சேர்ந்து களிம்பாகி அடைத்துப் போயிருந்தன. ஒரு குச்சியால் குத்தியபோது அரைக் கோப்பைக்கு மேல் கறுப்பு நீர் வடிந்தது. உட்பலகைக்குப் பின்னால் ஒட்டியிருக்க வேண்டிய பொலித்தீன் தாளையும் முன்பு வேலை செய்த யாரோ கிழித்து எறிந்திருந்தார்கள். அதை வீண் தாள் என்று நினைத்துவிடக் கூடாது. மோட்டரும் கனெக்டரும் நனையாமல் இருப்பது அந்தத் தாளால்தான். தடித்த பொலித்தீனை அளவாக வெட்டி, ஒட்டும் பசைப் பட்டியால் சுற்றிலும் ஒட்டினோம். மழைக்காலம் தொடங்குவதற்கு முன் துளைகளைக் குத்திவிடுவது இப்போது எனக்கு ஏப்ரல் விடுமுறையின் வேலை.

மூன்றாவது பழுது 2022இல் வந்தது. எரிபொருள் இல்லாமல் வண்டி வாரக்கணக்கில் வாசலில் நின்ற காலம் அது. ஜூலையில் எரிபொருளைப் பங்கிடும் கியூஆர் முறை வந்து, வரிசையில் நிற்கலாம் என்று போய்ப் பார்த்தால் பெட்டரி முழுதாக இறங்கியிருந்தது. ரிமோட் வேலை செய்யவில்லை. சாவியைப் போட்டுத் திருப்பினால் திரும்பவும் இல்லை. ரிமோட்டே போதும் என்று ஐந்தாறு ஆண்டுகள் சாவித் துளையைத் தொடாமல் விட்டதன் பலன். கிராபைட் தூளை ஊதி, சாவியை மெல்ல மெல்ல அசைத்து, அரைமணி நேரத்துக்குப் பின்னரே கதவு திறந்தது. துரு இளக்கும் ஸ்பிரேயை மட்டும் அடித்துவிட்டுப் போனால் அது விரைவில் காய்ந்து தூசியைப் பிடித்துக்கொள்ளும். சாவித் துளைக்குக் கிராபைட், பூட்டின் இரும்புப் பிடிக்கு வெள்ளை லிதியம் கிறீஸ் என்பது என் தேர்வு. இப்போது மாதத்துக்கு ஒருமுறை சாவியாலேயே பூட்டித் திறக்கிறேன்.

பெட்டரி இறங்கியதற்குக் காரணம், முன்னைய உரிமையாளர் பொருத்திய எலாம் பெட்டி. வண்டி உறங்கும்போது இழுக்கும் மின்சாரம் 50 மில்லி அம்பியருக்குள் இருப்பது நல்லது. என் வண்டியில் 180 இருந்தது. அது நாளொன்றுக்கு நான்கு அம்பியர்-மணிக்கும் மேல். நடுத்தரப் பெட்டரி ஒன்று பத்து நாளில் காலியாகிவிடும். அந்தப் பெட்டியின் வயர்கள் முறுக்கி டேப் சுற்றப்பட்டவையாக மட்டுமே இருந்தன. பெட்டியைக் கழற்றி, எளிய ரிமோட் ஒன்றை முறையாகப் பொருத்தியபின் 30க்கு இறங்கியது.

நான்காவதைச் சுருக்கமாகச் சொல்லலாம். கதவு மூடியிருந்தும் உள்விளக்கு சில சமயம் அணையாமல் எரிந்தது; அதே நாட்களில் பூட்டு தானாகத் திறந்தது. சாவி உள்ளே இருக்கும்போது பூட்டிக்கொள்ளாமல் தடுக்கும் வசதி என் காரிலும் உண்டு. கதவு திறந்திருப்பதாகச் சொல்லும் தூணிலுள்ள சிறு சுவிட்சும், சாவி உள்ளே இருப்பதாகச் சொல்லும் சுவிட்சும் தவறான செய்தி கொடுத்தால் இந்த வசதியே தொல்லையாகிவிடும். தூணிலுள்ள சுவிட்ச் துருப்பிடித்திருந்தது. மாற்றியதும் விளக்கும் அணைந்தது, பூட்டு தானாகத் திறப்பதும் நின்றது. ஐந்தாவதைப் பழுது என்றே சொல்லக் கூடாது. பின்கதவு உள்ளிருந்து திறக்கவில்லை என்று கராஜுக்குப் போகத் தயாரானேன். என் மகள்தான் கதவின் ஓரத்திலிருந்த சிறுவர் பூட்டின் நெம்பைக் காட்டினாள். வண்டியைக் கழுவியவர் தட்டிவிட்டிருக்க வேண்டும்.

நான்கு மோட்டர்கள் கொண்ட பொதுவான சீனத் தொகுதியைப் போட்டுவிடுங்கள் என்ற ஆலோசனை எனக்கும் பலமுறை கிடைத்தது. சென்டர் லொக்கே இல்லாத பழைய வண்டிக்கு அது நல்ல தீர்வு. ஆனால் கம்பனி மோட்டர்கள் உள்ளே இருக்கும்போதே இந்தத் தொகுதியையும் சேர்த்துப் பொருத்தினால், ஓய்ந்துபோன பழைய மோட்டரின் பற்சக்கரங்களையும் புதியது இழுத்துக்கொண்டு ஓட வேண்டியிருக்கும். பழுது வயரில் இருந்தால் புதிய மோட்டரும் அதே பச்சை பிடித்த செம்பிலிருந்துதான் மின்சாரம் வாங்க வேண்டும்.

வேலையைத் தாங்களே செய்ய நினைப்பவர்கள் முதலில் ஷட்டரை முழுதாக ஏற்றி, பிறகு பெட்டரியின் மறை முனையைக் கழற்றிவிட்டுத் தொடங்குங்கள். கதவின் உட்தகடு கத்தியைப் போலக் கையை வெட்டும் என்பதையும் மறக்க வேண்டாம். உட்பலகையின் பிளாஸ்டிக் கிளிப்கள் குளிர்ந்த காலையில் சட்டென்று உடையும். நடுப்பகலில் வண்டி சற்று வெயில் வாங்கிய பின் கழற்றினால் தப்பிக்கும்.

தற்போது நான்கு கதவுகளும் ஒன்றாகப் பூட்டுகின்றன. இடது பின்கதவு மட்டும், நுவரெலியாவில் உறைபனி விழும் ஜனவரிக் காலைகளில், முதல் அழுத்தத்தில் பாதிதான் இறங்குகிறது. இரண்டாவது அழுத்தத்தில் பூட்டிக்கொள்கிறது. பழைய கிறீஸ் இறுகியிருக்கலாம், மோட்டரும் களைத்திருக்கலாம். அதற்கான சிறு மோட்டர் ஒன்று வாங்கி அலுமாரியில் இருக்கிறது. ஆனால் அதைத் தொடுவதற்கு முன் அந்தக் கதவின் ரப்பர்க் குழாயைக் கழற்றி, பல்பை ஒருமுறை பிடித்துப் பார்ப்பேன்.