கிரிக்கெட் 07: ரசிகர் வர்ணனை பேட்ச்களோடு நெடுநாள்

ஈ.ஏ. ஸ்போர்ட்ஸின் கிரிக்கெட் 07 என்ற கணினி விளையாட்டு வெளிவந்தது 2006 நவம்பரில். அதற்குப் பிறகு அந்த நிறுவனம் கணினியில் கிரிக்கெட் பக்கம் தலைவைத்துப் படுக்கவில்லை. ஆனால் மும்பை செம்பூரில் எங்கள் அறையில் இன்னும் ஓடுவது அதுதான். லாமிங்டன் ரோட்டில் வாங்கிய பழைய கணினியே போதும். ஜெர்சி, மைதானம், அணிப் பட்டியல் என்று ரசிகர்கள் பேட்ச் (ஆட்டத்தின் கோப்புகளுக்கு மாற்றாகத் தாங்களே செய்த கோப்புகள்) போட்டுப் போட்டு அதைச் சாகவிடாமல் வைத்திருக்கிறார்கள். இங்கே வர்ணனை பேட்ச்களைப் பற்றி மட்டும் சொல்கிறேன்.

முதலில் அது எப்படி வேலை செய்கிறது என்று பார்க்கலாம். நாலு, ஆறு, போல்டு, கேட்ச் நழுவல் என்று ஒவ்வொரு சம்பவத்துக்கும் தனித்தனி ஒலித் துணுக்குகள் இருக்கும். ஒரே சம்பவத்துக்குப் பல துணுக்குகள் உண்டு. ஆட்டம் அதில் ஏதோ ஒன்றை எடுத்துப் போடும். பேட்ச் செய்கிறவர்கள் அந்தத் துணுக்குகளை எடுத்துவிட்டுத் தங்களுடையதை வைக்கிறார்கள்.

நான் முதலில் போட்டது டிவி ஒளிபரப்பிலிருந்து வெட்டிச் செய்த இந்தி பேக், அதாவது துணுக்குகளின் தொகுப்பு. முதல் வாரம் திருவிழாதான். 2011 உலகக்கோப்பை இறுதியில், இதே மும்பை வான்கடேயில், இலங்கையின் குலசேகராவை தோனி லாங் ஆன் மேலே தூக்கியபோது ரவி சாஸ்திரி ஆங்கிலத்தில் முழங்கினாரே, அதையும் சிக்ஸருக்கு வைத்திருந்தார்கள். அப்புறம்தான் தொல்லை ஆரம்பித்தது. டெஸ்டில் இரண்டாவது ஓவர், ஆஸ்திரேலியாக்காரன் அடிக்கிறான், தோனி ஆட்டத்தை முடித்துவிட்டார் என்கிறார் சாஸ்திரி! ஆட்டத்துக்குத் தெரிந்தது ஆறு விழுந்தது என்பது மட்டும்தான். அடித்தது யார், எந்தச் சூழலில் என்றெல்லாம் அந்தத் துணுக்குக்குத் தெரியாது.

இன்னொரு குறை கூட்ட இரைச்சல். டிவியிலிருந்து வெட்டியதில் அந்த மைதானத்தின் ஆரவாரமும் ஒட்டிக்கொண்டு வரும். ஆட்டம் தன் பங்குக்கு ஓர் ஆரவாரத்தைப் போடும். ஹெட்போனில் கேட்டால் தலைவலி நிச்சயம். சில பேக்குகளில் ஒரே வரியை எல்லா இடத்திலும் நகலெடுத்து ஒட்டியிருப்பார்கள். அவற்றை நான் ஒரு மாலைக்கு மேல் வைத்துக்கொண்டதில்லை.

அறையில் என்னோடு இருக்கும் தம்பி திருநெல்வேலிக் குடும்பம், வளர்ந்தது தாராவியில். "நாமளே தமிழ்ல பேசிடலாம்ணே" என்று போர்வையைப் போர்த்திக்கொண்டு போனில் பதிந்தான். போல்டுக்கு "போச்சு, ஸ்டம்பு காலி!" கேட்ச் விட்டால் "லட்டு மாதிரி வந்துச்சு, விட்டுட்டான் பாரு." எல்.பி.டபிள்யூ. முறையீட்டில் அம்பயர் கை தூக்கும் முன் குக்கர் விசில் ஒன்று கேட்கும். அதை வேண்டுமென்றே விட்டுவைத்திருக்கிறோம். அவன் குரலில் ஆரவாரம் எதுவும் ஒட்டாததால் ஆட்டத்தின் இரைச்சலோடு அழகாகச் சேர்ந்துபோகிறது. காசு போட்டுச் செய்தது போலத் தெரியும் பேக்குகளைவிட இதுதான் காதுக்கு இதமாக இருக்கிறது.

ஆனால் முழுக்க மாற்றவில்லை. மூல வர்ணனை ஆஸ்திரேலியாவின் முன்னாள் கேப்டன் ரிச்சி பெனோவும் இங்கிலாந்து வர்ணனையாளர் மார்க் நிக்கலஸும். பெனோ 2015-இல் காலமாகிவிட்டார். டெஸ்டில் அவருடைய மிகச் சிறந்த பந்துவீச்சு நம் சென்னையில்தான், 1956-இல், 72 ரன்னுக்கு 7 விக்கெட். அந்த மனிதர் அளந்துதான் பேசுவார். டாட் பால், ஒரு ரன் போன்ற சாதாரணப் பந்துகளுக்கு அவர் போதும். ஓர் ஆட்டத்தில் அதிகம் வருவதும் அவைதான். அங்கேயும் யாராவது கத்திக்கொண்டே இருந்தால் விக்கெட் விழும்போது கத்துவதற்கு என்ன மிச்சம் இருக்கும்? அதனால் நாலு, ஆறு, விக்கெட், கேட்ச் நழுவல் இவற்றுக்கு மட்டும் தம்பி. மற்றதெல்லாம் பெனோவும் நிக்கலஸும். ஆங்கிலமும் தமிழும் மாறி மாறி வருவது முதலில் வினோதமாக இருக்கும். மும்பையில் எங்கள் பேச்சே மூன்று மொழிக் கலவை என்பதால் எங்களுக்குச் சீக்கிரம் பழகிவிட்டது.

நீங்களும் செய்வதானால் ஆட்டத்தை சி டிரைவின் புரோகிராம் ஃபைல்ஸில் போடாதீர்கள். புதிய விண்டோஸ் அங்கே கோப்புகளை மாற்ற விடாமல் மல்லுக்கட்டும். மூலக் கோப்பை நகலெடுத்து வையுங்கள். சாம்பிள் ரேட் (ஒலியை நொடிக்கு எத்தனை முறை பதிகிறோம் என்ற அளவு) மூலத்தோடு பொருந்தாவிட்டால் குரல் கீச்சென்றோ இழுவையாகவோ வரும். துணுக்கு நீளமானால் அடுத்த பந்து வந்துவிடும், எனவே நறுக்கென்று பேசுங்கள். தம்பிக்கு இன்னும் ரன் அவுட் பாக்கி. அதில் மட்டும் அவன் இந்தியில்தான் திட்டுவேன் என்கிறான், பேச்சுவார்த்தை நடந்துகொண்டிருக்கிறது.