ரிமாண்டா, உயர் நீதிமன்றத்திலேயே முடிவா: விபத்து இழப்பீட்டு மேல்முறையீட்டில் இரு வழிகள்

இரு தரப்பும் மேல்முறையீடு செய்திருந்த ஒரு விபத்து மரண வழக்கில், அதை முதலில் விசாரித்த விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்துக்கே மறுவிசாரணைக்குத் திருப்பி அனுப்ப (இதுதான் ரிமாண்ட்) சம்மதிப்பதா, உயர் நீதிமன்றமே தொகையை நிர்ணயிக்கட்டும் என்று நிற்பதா என்பதை மனுதாரர்களின் வழக்கறிஞராக நான் முடிவு செய்ய வேண்டியிருந்தது. இறந்தவர் ஒரு பட்டறைத் தொழிலாளி. சம்பளச் சான்றிதழைத் தாக்கல் செய்திருந்தோமே தவிர, அதைக் கொடுத்த முதலாளியைச் சாட்சிக் கூண்டில் ஏற்றவில்லை. அதைக் காட்டித்தான் காப்பீட்டு நிறுவனம் ரிமாண்ட் கேட்டது.

எதிர்த்தரப்புக்கு அறிவிப்பே சேராமல் ஒருதலைப்பட்சமாகத் தீர்ப்பாகியிருந்தாலோ, சாட்சியம் எடுக்காமல் மனு ஏற்கத்தக்கதா என்பது போன்ற முதனிலைப் பிரச்சினையிலேயே அது தள்ளுபடியாகியிருந்தாலோ திருப்பி அனுப்புவதுதான் சரி, அதில் விவாதமில்லை.

எங்கள் வழக்கு அப்படிப்பட்டதல்ல. திரும்பிப் போய் முதலாளியை விசாரித்தால் மாத வருமானம் 14,000 ரூபாய் என்று நிரூபிக்க வாய்ப்பிருந்தது. இல்லையென்றால் நீதிமன்றம் உத்தேசமாக எடுத்துக்கொள்ளும் 12,000. இறந்தவருக்கு வயது 34. உச்ச நீதிமன்றத்தின் பிரணய் சேத்தி தீர்ப்பின்படி (2017) எதிர்கால வருமான உயர்வுக்காக 12,000-உடன் 40 சதவீதம் கூட்டினால் 16,800. நான்கு பேர் சார்ந்திருந்ததால் சொந்தச் செலவுக்கு நாலில் ஒரு பங்கு கழித்து, மீதியை ஆண்டுத் தொகையாக்கி, சரளா வர்மா தீர்ப்பு (2009) அந்த வயதுக்குத் தரும் பெருக்கி 16-ஐப் போட்டால் 24,19,200 ரூபாய். இதற்குப் புதிய சாட்சி எதற்கு? உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 41 விதி 24, கோப்பில் உள்ள சாட்சியம் போதுமானால் மேல்முறையீட்டு நீதிமன்றமே இறுதியாகத் தீர்க்கலாம் என்கிறது. 14,000 நிரூபணமாகியிருந்தால் இன்னும் 4,03,200 ரூபாய் கிடைத்திருக்கும்; அதை விடுவது எளிதாக இல்லை.

ஆனாலும் ரிமாண்டை எதிர்த்தேன். தீர்ப்பாயத்தின் இழப்பீட்டு உத்தரவான தீர்ப்பாணையை ரத்து செய்து திருப்பி அனுப்பினால், அதன்பின் வருவது ஒரு புதிய தீர்ப்பாணை. மோட்டார் வாகனச் சட்டம் 173-ஆவது பிரிவின் கீழ் அதன்மீது இரு தரப்பும் மறுபடி மேல்முறையீடு செய்யலாம். அதாவது, ஏறி வந்த படிகளையே இன்னொரு முறை ஏற வேண்டும். இதற்கிடையில், தீர்ப்பாணையை நிறைவேற்றத் தடையாணை பெறுவதற்காகக் காப்பீட்டு நிறுவனம் டெபாசிட் செய்த பணத்தின் கதி என்ன? தீர்ப்பாணையே இல்லாதபோது எதன் பேரில் எடுப்பது? ரிமாண்ட் உத்தரவில் அதற்கென ஒரு வரி இல்லாவிட்டால் பணம் வழக்குக் கணக்கில் கிடக்கும். வட்டி ஓடுகிறதே என்பார்கள். தாமதம் மனுதாரரால் நேர்ந்தது என்று கருதப்பட்டால் அந்தக் காலத்துக்கான வட்டி மறுக்கப்படும் ஆபத்தும் உண்டு. பள்ளிக் கட்டணம் கட்ட வேண்டிய விதவைக்கு, நாளைய 28 லட்சத்தைவிட இன்றைய 24 லட்சம் பெரிது என்பது என் கணிப்பு.

காய வழக்குகளில் எனக்கு அனுபவம் குறைவு. ஊனச் சதவீதத்தைச் சொல்ல மருத்துவரே விசாரிக்கப்படாத வழக்கில், உத்தேசத்தை நம்பி நிற்கும் துணிவு எனக்கு வராது. அப்போதும் அதே கட்டளை 41-இன் விதி 23-அ-வின் கீழ் முழு ரிமாண்டைக் கேட்காமல் விதி 25-ஐத்தான் கேட்பேன்: ஊனம் பற்றிய எழுவினா (தீர்க்க வேண்டிய கேள்வி) மட்டும் கீழே போகும், மேல்முறையீடு உயர் நீதிமன்றக் கோப்பிலேயே இருக்கும், தீர்ப்பாயம் சாட்சியம் பதிந்து தன் முடிவை அனுப்பினால் போதும்.