வாகைக்குளம் (தூத்துக்குடி) விமான நிலையம்: நெல்லைப் பயணிகளுக்கு எப்படி?

1992-ல் திறந்தபோது ஓடுபாதை 1,350 மீட்டர்தான். ஏடிஆர் (ATR) போன்ற, விசிறி வைத்த சிறு விமானத்துக்குத்தான் அது போதும். இப்போது 3,115 மீட்டர். 2025 ஜூலையில் திறந்த முனையமும் விசாலம்.

ஓடுபாதை கிழக்கு மேற்காகக் கிடப்பது பெரிய வரம். செங்கோட்டைக் கணவாய் வழியே வீசும் ஆடிக் காற்று பக்கவாட்டில் தள்ளாமல் விமானத்தின் மூக்கில் மோதும். அதனால் கடல் பக்கமிருந்து வந்து இறங்குவார்கள்.

ஏடிஆரில் போவதானால் பின்வாசல் வழியாகத்தான் ஏற வேண்டும். இறக்கை தலைக்கு மேலே இருப்பதால் எந்த ஜன்னலிலும் தரை தெரியும். விசிறிக்கு நேரான இருக்கையில் இரைச்சல் அதிகம், பின்வரிசை கேளுங்கள். தலைக்கு மேல் பை வைக்கும் தட்டு சின்னது, பெரிய டிராலி நுழையாது. அல்வாவை இரட்டைக் கவரில் கட்டி லக்கேஜில் போடுங்கள், நெய் கசியும்.