சூஜேவா, பெர்னார்டா?

12ஆம் நூற்றாண்டு பிரான்சில் இரண்டு மடத் தலைவர்கள்: பாரிஸை ஒட்டிய சேன்-தெனியில் சூஜே, கிளேர்வோவில் பெர்னார்டு. கடவுள் ஒருவர்தான், தகராறு தங்கத்தில்.

ஏழை உடுக்கத் துணியின்றி நிற்கும்போது கோயிலுக்குப் பொன் எதற்கு என்பது பெர்னார்டின் கட்சி. எனக்கும் அது நியாயமாகவே படுகிறது. சூஜேவோ, மந்தமான மனம் பொருள்களின் வழியாகத்தான் மெய்ம்மைக்கு ஏறும் என்று கோயில் கதவிலேயே பொறித்து வைத்தார். பல ஆண்டுகள் பெட்டிக்குள் சும்மா கிடந்த கருஞ்சிவப்புக் கல் ஜாடி ஒன்று அவர் கண்ணில் பட்டது. பொன்முலாம் பூசிய வெள்ளியில் கழுகின் தலை, சிறகு, கால்கள் செய்து அதில் பொருத்தினார். இன்றும் லூவ்ர் அருங்காட்சியகத்தில் அதைப் பார்க்கலாம். 1144இல் அர்ச்சிக்கப்பட்ட கோயிலின் கிழக்குப் பகுதியில் வண்ணக் கண்ணாடி வழியே ஒளி வெள்ளமாக இறங்கியது. கூரான வளைவுகளும் பெரிய ஜன்னல்களும் கொண்ட கோத்திக் கட்டடப் பாணி அங்கேதான் பிறந்தது என்பார்கள். கண்ணாடி ஓவியத்தில் மாதாவின் காலடியில் தம் உருவத்தையும் இடம்பெறச் செய்தார். அடக்கம் கொஞ்சம் குறைவுதான்!

அரசியலில் என் ஓட்டு சூஜேவுக்கே. 1146இல் பிரான்சின் வெஸலே ஊரில் முழங்கி, கிழக்கே முஸ்லிம்களுக்கு எதிராகக் கிறிஸ்தவர்கள் நடத்திய இரண்டாம் சிலுவைப்போருக்கு ஆள் திரட்டியவர் பெர்னார்டு. மன்னர் ஏழாம் லூயி போகவேண்டாம் என்றவர் சூஜே. மன்னர் போனார், 1147 முதல் 1149 வரை அரசைக் கட்டிக்காத்தவரும், மன்னரின் தம்பி கிளப்பிய கலகத்தை அடக்கியவரும் சூஜேதான். படை தோற்றுத் திரும்பியது.

வேடிக்கை என்னவென்றால், 1151இல் இறப்பதற்குச் சற்று முன்பு, புதிய சிலுவைப்போர் ஒன்றுக்கு ஏற்பாடு செய்துகொண்டிருந்தவரும் அவரே.