ரேர் எசென்ஸ்: வீட்டில் கேட்டால் பாதிதான்

வாஷிங்டன் டி.சி. பக்கம் குடியிருப்பவர்களுக்கும், வேலையாக வந்து சில வாரம் தங்குகிறவர்களுக்கும் ஒரு சிபாரிசு. வெள்ளை மாளிகை, மியூசியம் எல்லாம் பார்த்து முடித்துவிட்டீர்களா? சரி, ஒரு ராத்திரி ரேர் எசென்ஸ் என்ற இசைக்குழுவின் கச்சேரிக்கு டிக்கெட் எடுங்கள். இந்த ஊரிலேயே பிறந்து, இந்த ஊர்க்காரர்கள் விடாமல் கட்டிக்காத்த கோ-கோ இசையை அதன் வீட்டிலேயே கேட்கலாம்.

கோ-கோவுக்கு வழிபோட்டவர் சக் பிரவுன். 70களில் டிஸ்கோ டி.ஜே.க்கள் இடைவெளியே விடாமல் இசைத்தட்டு போட்டுக்கொண்டிருந்தார்கள். மேடையில் வாசிக்கும் குழுவோ ஒரு பாட்டை முடித்து அடுத்ததைத் தொடங்குவதற்குள் ஆடுகிறவர்கள் உட்காரப் போய்விடுவார்கள். சக் பிரவுன் பாட்டை முடித்தார், தாளத்தை முடிக்கவில்லை. காங்காவும் (கையால் தட்டும் உயரமான மேளம்) டிரம்ஸும் கவ்பெல்லும் (குச்சியால் தட்டும் உலோக மணி) ஓடிக்கொண்டே இருக்க, அதன் மேலேயே கூட்டத்தோடு பேசினார், பேசியபடியே அடுத்த பாட்டுக்குள் போனார். நம் கச்சேரிகளில் தனி ஆவர்த்தனம் ஆரம்பித்ததும் சிலர் காபி குடிக்க எழுந்து போவார்களே, இங்கே அதற்கு நேர்மாறு. தாளம் மட்டும் ஒலிக்கும்போதுதான் வெளியே நிற்பவர்களும் உள்ளே ஓடி வருகிறார்கள்.

ரேர் எசென்ஸ் 1976-இல் தொடங்கியது. நகரத்தின் தென்கிழக்கில் செயின்ட் தாமஸ் மோர் கத்தோலிக்கப் பள்ளியில் படித்த பையன்கள் சேர்ந்து ஆரம்பித்த குழு. டிரம்ஸ் வாசித்த குவென்டின் டேவிட்சனை ஊர் முழுக்க 'ஃபுட்ஸ்' என்றுதான் கூப்பிடும். அவருடைய அம்மா ஆனி மேக் தாமஸ்தான் குழுவின் நிர்வாகத்தைப் பார்த்துக்கொண்டார். பள்ளிப் பிள்ளைகளின் வாத்தியக் குழு இத்தனை காலம் நிலைத்ததில் அந்த அம்மாவுக்குப் பெரிய பங்கு உண்டு என்பது என் எண்ணம். ஒரு காலத்தில் வாரத்தின் பெரும்பாலான இரவுகளில் நகரத்தின் ஏதாவதொரு அரங்கில் வாசித்திருக்கிறார்கள். 1994-இல் ஃபுட்ஸ் கொலை செய்யப்பட்டார். அதோடு கலைந்திருந்தால் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். கலையவில்லை. தொடக்கத்திலிருந்தே கிட்டார் வாசிக்கும் ஆண்ட்ரே ஜான்சன் இன்றும் குழுவை நடத்துகிறார்.

நான் பார்த்தது நகரத்தை ஒட்டிய பிரின்ஸ் ஜார்ஜஸ் கவுண்டியில், எங்கள் வீட்டுக்குப் பக்கத்தில் இருக்கும் ஒரு அரங்கில். கூடவேலை பார்க்கும் தோழி கூட்டிப்போனாள். அவளுடைய அம்மாவும் வந்திருந்தார், அறுபதைத் தாண்டியவர், முதல் வரிசை. பாட்டு ஒன்று அடங்கியது. கிட்டாரும் கீபோர்டும் கையை எடுத்துவிட்டன. காங்காக்காரர் மட்டும் தலையைக் குனிந்து, உள்ளங்கையால் ஒரு அடி, விரல் நுனியால் இரண்டு என்று விடாமல் உருட்டிக்கொண்டிருந்தார். அதற்கு மேலே டிம்பேல் என்ற குச்சியால் அடிக்கும் மேளத்தின் சளசளப்பு. மைக் பிடித்தவர் மேடை விளிம்புக்கு வந்து குனிந்தார். கீழே இருந்தவர்கள் பெயரையும் பிறந்தநாளையும் பெரிய எழுத்தில் தட்டி, கைபேசித் திரையைத் தூக்கிக் காட்டினார்கள். ஒவ்வொன்றாகப் படித்தார், தாளம் பிசகாமல். பிறகு எந்தத் தெருக்காரர்கள் வந்திருக்கிறார்கள், எந்தப் பள்ளியில் படித்தவர்கள் என்று கேட்க, ஒவ்வொரு மூலையிலிருந்தும் பதில் வந்தது. தோழியின் அம்மா பெயரும் வந்தது. அவர் குதித்த குதியை நான் மறக்க மாட்டேன்.

இப்படி மைக் பிடித்துக் கூட்டத்தோடு பேசுகிறவருக்கு இங்கே 'லீட் டாக்கர்' என்று பெயர். பாடகருக்கு உள்ள மரியாதை இவருக்கும் உண்டு. நல்ல லீட் டாக்கர் இல்லாத கோ-கோ குழுவை இந்த ஊர் ஒரு மணி நேரம்கூடப் பொறுத்துக்கொள்ளாது.

இதனால்தான் இவர்களுடைய ஸ்டுடியோ பதிவுகளுக்கு என்னால் முழு மார்க் போட முடியவில்லை. 90களின் தொடக்கத்தில் வந்த 'லாக் இட்', 'ஒர்க் தி வால்ஸ்' இரண்டும் கேட்கத் துள்ளலாகவே இருக்கின்றன. ஆனால் நாலு நிமிடத்தில் வெட்டி நிறுத்தினால் கோ-கோவில் மிச்சம் என்ன? சூடு ஏறும் நேரத்தில் பாட்டு முடிந்துவிடுகிறது. இதே ஊர்க் குழுவான ஈ.யூ., இயக்குநர் ஸ்பைக் லீ படத்துக்காக 1988-இல் கொடுத்த 'டா பட்' பாட்டு அமெரிக்காவின் ஆர் அண்ட் பி இசைப் பட்டியலில் முதலிடம் வரை போனது. ரேர் எசென்ஸுக்கு அந்த அளவு நாடு தழுவிய வெற்றி வாய்க்கவில்லை. அதில் எனக்கு வருத்தம் உண்டு. ஆனால் இவர்களுடைய உண்மையான பதிவுகள் 'பி.ஏ. டேப்' எனப்படும் கேசட்டுகள். கச்சேரி நடக்கும்போதே ஒலிக் கருவியிலிருந்து நேரடியாகப் பதிந்தவை, கைக்குக் கை மாறியவை, காரில் ஓடியவை. போன வாரக் கச்சேரியில் யார் பெயர் சொன்னார்கள் என்று தேய்ந்துபோகும்வரை கேட்பார்களாம். வீட்டில் கேட்பதானால் நேரடிப் பதிவுகளையே தேடுங்கள்.

குறைகளும் இருக்கின்றன. அறிவித்த நேரத்துக்கு வெகுநேரம் கழித்துத்தான் கச்சேரி ஆரம்பித்தது. அந்த அரங்கில் பேஸ் ஒலியை அளவுக்கு மீறி ஏற்றியிருந்தார்கள், பின்வரிசையில் நின்றபோது பாட்டின் சொற்கள் ஒன்றும் பிடிபடவில்லை. முன்னால் போனதும் சரியாகிவிட்டது. பழைய ரசிகர்கள் சிலர் அந்தக் கால ஆட்கள் இல்லையே என்று குறைப்படுகிறார்கள். இளையவர்களின் கைவேகத்தில் எனக்கு ஒரு குறையும் தெரியவில்லை.

2019-இல் நகரத்தின் ஷா பகுதியில் ஒரு கைபேசிக் கடை வாசலில் பல வருடமாக ஒலித்த கோ-கோவை, புதிதாகக் குடிவந்த ஒருவரின் புகாரால் நிறுத்தச் சொன்னார்கள். ஊரே தெருவில் இறங்கியது, பாட்டு திரும்பி வந்தது. 2020-இல் கோ-கோ நகரத்தின் அதிகாரபூர்வ இசை என்று சட்டமே போட்டார்கள். அத்தனை பேர் ஏன் இறங்கினார்கள் என்பது எனக்கு அந்த அரங்கில்தான் புரிந்தது.

போகிறவர்களுக்கு: மேடைக்கு இடது, வலது எந்தப் பக்கமானாலும் சரி, காங்கா தெரியும்படி நில்லுங்கள். காதுக்கு அடைப்பான் எடுத்துப்போங்கள். உட்கார இடம் கிடைக்காது, தட்டையான செருப்பு போதும். பிறந்தநாள் அந்த வாரம் வந்தால் கைபேசியில் பெயரைப் பெரிதாகத் தட்டி வைத்துக்கொள்ளுங்கள். தமிழ்ப் பெயர் நீளமாக இருந்தால் சுருக்கியே தட்டுங்கள், தாளத்துக்குள் அடங்க வேண்டும்.